கீழே உட்கார டிக்கெட் கிடையாது

அந்த பஸ்ஸில் யாரையும் அவர் தரையில் உட்கார விடமாட்டார். அவரைப் பற்றி எனக்கு முதலில் தெரிந்தது இதுதான். இதற்கு மேல் தெரிந்துகொள்ள அதிகம் இல்லை என்று பிறகு தோன்றியது.

அறுபதுகளின் நடுவில், பெரிய காஞ்சிபுரத்தில் ஒரு பட்டு நெசவாளர் கூட்டுறவுச் சங்கத்தில் நான் டைப்பிஸ்டாக இருந்தேன். எங்கள் ஊர் செவிலிமேடு தாண்டி, பாலாற்றுக்கு அக்கரையில் இருந்தது. ஊருக்கு ஒரே பஸ்தான், தனியார் பஸ். காலையில் அதில் போய் மாலையில் அதில் திரும்புவேன். அதன் கண்டக்டர் அவர். பெயர் எனக்குத் தெரியும், எழுதப் போவதில்லை. அவருக்குப் பிள்ளைகள் இருக்கக்கூடும்.

ஒல்லியாக, உயரமாக இருப்பார். பஸ்ஸின் கூரைக்குத் தலை இடிக்கும் என்று கழுத்தைக் கொஞ்சம் சாய்த்தே நடப்பார். காக்கிச் சட்டைக்குக் கஞ்சி போட்டு, முழங்கை வரை மடித்து விட்டிருப்பார். யாரிடம் பேசினாலும் 'வாங்க', 'போங்க' தான். அரைக்கால் சட்டைப் பையனைப் பார்த்து, "தம்பி, நீங்க எங்க எறங்கணும்?" என்று கேட்பார். அந்தப் பையன் பின்னால் திரும்பிப் பார்ப்பான், வேறு யாரையோ கேட்கிறார் என்று. பஸ் முழுக்கச் சிரிக்கும். அவர் சிரிக்காமல் பதிலுக்குக் காத்திருப்பார்.

எங்கள் வீடு ஊர்த்தெருவில். வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் காலனி. எங்கள் நிலங்களில் நாற்று நட்டவர்கள், களை எடுத்தவர்கள், அறுத்தவர்கள் எல்லாரும் அங்கேதான் இருந்தார்கள். காலனிப் பெண்கள் டவுனுக்குப் போக பஸ் ஏறினால், சீட்டு காலியாக இருந்தாலும், நடுவில் தரையில் முழங்காலைக் கட்டிக்கொண்டு குந்திவிடுவார்கள். யாரும் அவர்களை அங்கே உட்காரச் சொல்லவில்லை. யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை. நானும் பிறந்ததிலிருந்து அதைப் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். பஸ் என்றால் அப்படித்தான் என்று நினைத்திருந்தேன்.

அவர் வந்த முதல் வாரம், டிக்கெட் புத்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டு அந்தப் பெண்களின் முன்னால் போய் நின்றார்.

"எழுந்திரிங்கம்மா. மேல உக்காருங்க."

"இருக்கட்டும் சாமி. இங்கியே காத்து வருது."

"காத்து மேலயும் வருது. கீழ உக்கார டிக்கெட் கெடையாதும்மா. நான் குடுக்கறது சீட்டுக்கு."

அவர்கள் எழுந்திருக்கும் வரை விசில் ஊதமாட்டார். டிரைவர் திரும்பிப் பார்ப்பார். ஊர்த்தெருக்காரர்கள், "நேரமாவுதுபா, அவங்களே வேணாங்கறாங்க, உனக்கு இன்னா?" என்பார்கள். அவர் அசையமாட்டார். கடைசியில் அந்தப் பெண்கள், பஸ் தங்களால் நிற்கிறதே என்ற பயத்தில், சீட்டின் நுனியில் ஒட்டிக்கொள்வார்கள். முதுகு பின்னால் சாயாது. ஊர் வரை அப்படியே விறைத்துப்போய் வருவார்கள்.

அவரும் ஒரு காலனியிலிருந்து வந்தவர்தான், வாலாஜாபாத் பக்கம். அப்பா பண்ணையாள். அவர் மட்டும் அரசாங்க ஹாஸ்டலில் தங்கி எஸ்.எஸ்.எல்.சி. முடித்திருந்தார். பஸ் முதலாளிக்கு டவுனில் பட்டு ஜவுளிக் கடையும் இருந்தது. நகராட்சித் தேர்தலில் நின்றார். காலனி ஓட்டு வேண்டியிருந்தது. யாரோ கட்சிக்காரர் சொல்லி இவருக்கு வேலை கிடைத்தது. இதை அவரே ஒரு நாள் சாதாரணமாகச் சொன்னார்.

"ஓட்டுக்குக் குடுத்த வேலைம்மா இது. அடுத்த எலெக்‌ஷன் வரைக்கும் தாங்கும்."

"அதுக்கப்புறம்?"

"அதுக்கப்புறம் அடுத்த எலெக்‌ஷன் இருக்குதே" என்றார். அவர் சிரித்து நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான்.

அவரை நல்லவர் என்று மட்டும் எழுதினால் பொய்யாகிவிடும். அவருடைய பிடிவாதத்தில் ஒரு ஈவிரக்கமில்லாத பக்கமும் இருந்தது. எங்கள் ஊர்க் காலனியில் ஒரு கிழவர், ஊர்த்தெரு மாடுகளை மேய்த்தே முதுகு கூனியவர், கண் காட்டிக்கொள்ள ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டுத் திரும்பிக்கொண்டிருந்தார். வழக்கம்போலத் தரையில் குந்தினார். கண்டக்டர் சொன்னார், கிழவர் கும்பிட்டார். மறுபடி சொன்னார், மறுபடி கும்பிட்டார். கண்டக்டர் சட்டென்று குனிந்து, கிழவருடைய இரண்டு தோளையும் பிடித்துத் தூக்கி, ஊர்த்தெருக்காரர் ஒருவருக்குப் பக்கத்தில் சீட்டில் உட்கார வைத்துவிட்டார். கிழவர் அழுதார். சத்தமில்லாமல், கட்டுப்போட்ட கண்ணும் கட்டுப்போடாத கண்ணுமாக அழுதார். பக்கத்திலிருந்தவர் எழுந்து போய் நின்றுகொண்டார். கண்டக்டர் பின்பக்கம் போனதும் கிழவர் மெல்ல வழுக்கி மறுபடி தரைக்கே வந்துவிட்டார். திரும்பி வந்தவர் அதைப் பார்த்தார். படியில் போய் நின்றுகொண்டு ஊர் வரை வெளியே பார்த்துக்கொண்டே வந்தார்.

காலனியில் அஞ்சலை என்று ஒருத்தி. வாய் இருந்தவள். அவள்தான் அவரிடம் எதிர்த்துக் கேட்டாள்.

"உனக்கு இன்னா நைனா, எங்கள எறக்கி வுட்டுட்டு விசிலூதிக்கினு போயிடுவ. நாங்க அந்த ஊர்லதானே சோறு துன்னணும்?"

"நீங்க டிக்கெட் வாங்கினீங்களா இல்லியா?"

"வாங்கினேன்."

"அப்ப உக்காருங்க."

அஞ்சலை அவரை மேலும் கீழும் பார்த்தாள். பிறகு, சரி வருவது வரட்டும் என்பதைப் போல, சீட்டில் நன்றாகச் சாய்ந்து உட்கார்ந்தாள். காலனியிலிருந்து முதலில் முதுகு சாய்த்தவள் அவள்தான்.

அதற்கு நான்கு சீட்டு முன்னால் மணியக்காரர் இருந்தார். ஊரின் வரியும் கணக்கும் வழக்கும் அவர் கையில். என் அப்பாவுக்கு ஒன்றுவிட்ட அண்ணன், எனக்குப் பெரியப்பா. டிரைவருக்குப் பின்னால் ஜன்னல் ஓரம் அவருடைய இடம். வேறு யாராவது உட்கார்ந்திருந்தால் அவர் ஏறியதும் எழுந்துவிடுவார்கள். ஒரு நாள் வெளியூர் ஆள் ஒருவர், விவரம் தெரியாமல், எழுந்திருக்கவில்லை. பெரியப்பா அந்த ஆளைப் பார்க்கவே இல்லை. கண்டக்டரைப் பார்த்தார்.

"டேய், அவன எழுப்பு."

"பக்கத்துல காலியா இருக்குது. உக்காருங்க ஐயா."

"இன்னாடா சொன்ன?"

"உக்காருங்கன்னு சொன்னேங்க."

வெளியூர் ஆள் பயந்துபோய்த் தானாகவே எழுந்துவிட்டார். பெரியப்பா உட்கார்ந்து, துண்டை மடித்து மடியில் வைத்துக்கொண்டார். கோபப்படவில்லை. கோபப்படாததுதான் எனக்குப் பயமாக இருந்தது.

அடுத்த அறுப்புக்கு அஞ்சலையை யாரும் கூப்பிடவில்லை. அவள் புருஷனையும் கூப்பிடவில்லை. ஊர்த்தெருவில் எந்த வீட்டுக் களமும் அவர்களுக்கு இல்லை என்றாகிவிட்டது. காரணம் கேட்டால், "ஆளு போதும்" என்றார்கள். இதைக் கண்டக்டரிடம் சொன்னவள் அஞ்சலையின் நாத்தனார். பஸ்ஸிலேயே, எல்லார் காதிலும் விழும்படி, "உன்னாலதான்" என்றாள். அன்று மாலை தரையில் உட்கார்ந்தவர்களை அவர் எழுப்பவில்லை. தலையைக் குனிந்துகொண்டு டிக்கெட் கிழித்துக் கொடுத்தார்.

மறுநாள் காலை பழையபடி வந்து நின்றார். "எழுந்திரிங்கம்மா."

எனக்கே கோபம் வந்தது. இறங்கும்போது கேட்டேன். "அவங்களுக்கு வேலை போச்சு. மறுபடியும் ஏன்?"

"நான் சொல்லாம வுட்டா, அவங்க எடம் அதுதான்னு நானும் ஒத்துக்கினேன்னு ஆயிடும்மா. மத்தவங்க சொல்றாங்க, சொல்லிட்டுப் போவட்டும். நான் எப்படிச் சொல்றது?"

அதோடு விடவில்லை அவர். டவுனில் தெரிந்த நெசவாளர் வீடு ஒன்றில் பேசி, அஞ்சலைக்குப் பட்டு நூல் இழைக்கிற வேலை வாங்கிக் கொடுத்தார். அவள் தினமும் எங்களோடு பஸ்ஸில் வர ஆரம்பித்தாள். என் பக்கத்தில்கூட உட்காருவாள். முதல் நாள் நான் கொஞ்சம் நகர்ந்து உட்கார்ந்தேன். இடம் விடுவதற்குத்தான். அவள் அதை வேறு மாதிரி எடுத்துக்கொண்டாள் என்று அவள் முகத்தில் தெரிந்தது. சில நாள் கழித்து அவளே பேச்சுக் கொடுத்தாள்.

உட்காரச் சொல்லும் கண்டக்டரின் பழக்கம் எனக்கும் ஒட்டிக்கொண்டது. சங்கத்தில் நெய்த சேலையை எடுத்துக்கொண்டு வரும் நெசவாளர்கள், செயலாளர் கூப்பிடும் வரை சுவரோரம் நிற்பார்கள். பெஞ்சு காலியாகத்தான் இருக்கும். அவர்கள் சங்கம், அவர்கள் பங்கு, அவர்கள் நெய்த சேலை. ஒரு நாள் ஒருவரிடம், "உக்காருங்கய்யா, எவ்ளோ நேரம் நிப்பீங்க?" என்றேன். அவர் பதறிப்போய்க் குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"வேணாம்மா. பாத்தாருன்னா சேலையில பழுது இருக்குதும்பாரு."

இதைக் கண்டக்டரிடம் சொன்னேன். "பஸ்ஸுல ஒரு சௌகரியம்மா, நிக்கிறவங்களுக்கும் உக்காந்திருக்கிறவங்களுக்கும் ஒரே ரேட்டு. சங்கத்துல அப்படி இல்ல போலிருக்குது" என்று மட்டும் சொன்னார்.

நகராட்சித் தேர்தல் முடிந்தது. முதலாளி ஜெயித்தார். அந்தக் கோடையில் ஒரு நாள் மாலை, செவிலிமேட்டில் பஸ்ஸை நிறுத்திச் செக்கிங் ஏறினார்கள். செக்கர் நேராகக் காலனிப் பெண்கள் இருந்த இடத்துக்குப் போனார். அஞ்சலையும் இன்னும் இரண்டு பேரும். டிக்கெட் கேட்டார். மூன்று பேரும் கையை விரித்தார்கள்.

"துட்டு குடுத்தோம். டிக்கெட் தரல" என்றாள் அஞ்சலை. தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னாள்.

அவர் அவளுக்கு டிக்கெட் கிழித்துக் கொடுத்ததை நான் பார்த்திருந்தேன். அவள் அதை வாங்கி இடுப்பில் செருகியதையும் பார்த்தேன். காஞ்சிபுரம் ஸ்டாண்டிலிருந்து செவிலிமேடு வருவதற்குள் மூன்று பேருடைய டிக்கெட்டும் ஜன்னல் வழியாகப் போயிருக்க வேண்டும்.

"கொஞ்சம் நல்லாப் பாருங்கம்மா, மடியில இருக்கும்" என்றார் கண்டக்டர்.

"இல்ல. தரல."

செக்கர் பேனாவை எடுத்தார். முன்னால், டிரைவருக்குப் பின் சீட்டில், பெரியப்பா ஜன்னல் வழியாக ஆற்றைப் பார்த்துக்கொண்டிருந்தார். அப்போதுதான் கண்டக்டருக்குப் புரிந்தது. எனக்கும். அஞ்சலையின் குடிசை நின்றது புறம்போக்கு நிலத்தில். அது புறம்போக்கு என்று எழுதுவதும் எழுதாமல் இருப்பதும் மணியக்காரர் கையில் இருந்தது. அறுப்பு வேலை போனால் வேறு வேலை தேடிக்கொள்ளலாம். வீட்டை இடித்தால் பிள்ளைகளை எங்கே படுக்க வைப்பது?

அவர் வாதாடவில்லை. தோளிலிருந்த தோல் பையைக் கழற்றிச் செக்கரிடம் கொடுத்தார். ஊர் வந்ததும் அஞ்சலை படியில் தடுமாறினாள். "பாத்து எறங்குங்கம்மா" என்றார். அவள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு ஓடினாள்.

மறுநாள் நான் சங்கத்துக்கு லீவு சொல்லிவிட்டு முதலாளியின் ஜவுளிக் கடைக்குப் போனேன். வெள்ளை மெத்தை விரித்து, சேலைகளைப் பிரித்துப் போட்டிருந்தார்கள். முதலாளி எழுந்து நின்று வரவேற்றார். எனக்குக் குடிக்கக் கலர் சோடா வாங்கி வரச் சொன்னார். நான் பார்த்ததைச் சொன்னேன்: அவர் டிக்கெட் கொடுத்தார், என் கண்ணால் பார்த்தேன், எங்கே வேண்டுமானாலும் எழுதிக் கொடுக்கிறேன்.

"நீங்க மணியக்காரர் தம்பி பொண்ணுதானேம்மா?"

"ஆமாம்."

"ஒங்க பேரு எதுக்கும்மா இதுல? நல்ல குடும்பம். இன்னும் கல்யாணம் ஆவணும்." கலரை என் பக்கம் நகர்த்தினார். "அவன் கிட்ட நீங்க தெனமும் பேசிக்கினு வர்றதா சொல்றாங்க. அது அப்படியே போவட்டும், பெருசாக்க வேணாம்."

நான் கலரைக் குடிக்காமல் எழுந்து வந்தேன். அது ஒன்றுதான் என்னால் முடிந்தது.

நான் ஊர் திரும்புவதற்குள் செய்தி திரும்பிவிட்டிருந்தது. அம்மா சமையல்கட்டில் அழுதுகொண்டிருந்தாள். பெரியப்பா கூடத்தில் உட்கார்ந்திருந்தார். என்னிடம் பேசவில்லை; அப்பாவிடம் பேசினார்.

"பொண்ணுக்கு இன்னா வயசு ஆவுது?"

அப்பா சொன்னார்.

"காலனிக்காரனுக்கு சாட்சி சொல்றதுக்குக் கடை வரைக்கும் போயிக்கிது. ஊர்ல நாலு பேரு நாலு விதமாக் கேக்கறான். நான் இன்னா பதில் சொல்றது?"

"அவர் டிக்கெட் குடுத்தாரு. நான் பாத்தேன்" என்றேன்.

"அவரா?" என்றார் பெரியப்பா. அதற்கு மேல் அவருக்குச் சாட்சி தேவைப்படவில்லை.

இரண்டு நாள் கழித்துச் சங்கத்து வாசலில் கண்டக்டர் வந்து நின்றார். காக்கி இல்லாமல் அவரைப் பார்த்ததில்லை; வேட்டியில் வேறு ஆள் போல இருந்தார். நெற்றி ஓரம் வீங்கியிருந்தது. உள்ளே வரவில்லை. நான் வெளியே போனேன்.

"ஏம்மா சொன்னீங்க?" என்றார். அவர் குரலில் நான் கோபத்தைக் கேட்டது அன்றுதான்.

"உண்மையைத்தானே சொன்னேன்."

"திருடன்னு சொல்லி வேலைய எடுத்தாங்க. அதோட வுட்டிருப்பாங்க. திருடனா எங்கியாவது போய்ப் பொழச்சிக்கினு இருப்பேன். இப்ப வேற மாதிரி ஆக்கிட்டாங்க. நேத்து எங்கூட்டுக்கு ஆளுங்க வந்தாங்க. எங்கம்மாவ அடிச்சாங்க. பொண்டாட்டி மாசமா இருக்கறா."

உள்ளேயிருந்து செயலாளர் எட்டிப் பார்த்தார். எதிர்க் கடையில் இரண்டு பேர் நின்று பார்த்தார்கள். நாங்கள் இரண்டு பேரும் பேசிக்கொண்டு நிற்பதே அவர்களுக்கு இன்னொரு சாட்சி என்பது இருவருக்கும் ஒரே நேரத்தில் புரிந்தது. அவர் சட்டென்று இரண்டடி பின்னால் போனார்.

"நீங்க உள்ள போங்கம்மா" என்றார். திரும்பிப் பார்க்காமல் நடந்தார். அந்த வாரமே குடும்பத்தோடு ஊரை விட்டுப் போய்விட்டார்கள் என்று கேள்விப்பட்டேன். எங்கே என்று யாருக்கும் தெரியவில்லை, தெரிந்தவர்களும் சொல்லவில்லை.

நான் செய்தது தப்பு என்று இன்றைக்கும் நினைக்கவில்லை. உண்மையைச் சொல்ல ஒரு பெண் கடைக்குப் போனால், அதில் ஒரு மனிதனுடைய அம்மா அடிபடுவாள் என்று இருந்த ஊர்தான் தப்பு. ஆனால் அப்படி நினைத்துக்கொள்வதால் அந்த அம்மாவின் வலி ஒன்றும் குறைந்திருக்காது.

சங்க வேலையை அப்பா நிறுத்திவிட்டார். தை பிறந்ததும் கல்யாணம். அதற்கு முன் ஒரு தடவை வாய்க்கால் ஓரம் அஞ்சலையைப் பார்த்தேன். நூல் இழைக்கும் வேலைக்கு அவள் போவதில்லை. மறுபடி எங்கள் களத்துக்குக் கூப்பிட்டுவிட்டார்கள்.

"ஏன் அப்படிச் சொன்னே?" என்று கேட்டுவிட்டேன்.

அவள் நெற்கட்டை இறக்காமலே நின்றாள். "நீ உண்மைய சொன்னியே பாப்பா, உனக்கு மாப்ள பாத்துக் கட்டி வெக்கிறாங்க. நான் சொல்லியிருந்தா எனக்கு இன்னா செய்வாங்க?" என்றாள். போய்விட்டாள்.

கல்யாணத்துக்குப் பிறகு நான் திண்டிவனத்துக்குப் போய்விட்டேன். எழுபதுகளில் தனியார் பஸ்கள் பலவற்றை அரசாங்கம் எடுத்துக்கொண்டது. எங்கள் ஊர் பஸ்ஸிலும் அரசாங்கத்துப் பெயர் எழுதினார்கள் என்று தம்பி சொன்னான். பெரியப்பா தொடர்ந்து மணியக்காரராகவே இருந்தார். ஊருக்குப் போகும்போதெல்லாம் அவர் காலில் விழுந்து ஆசீர்வாதம் வாங்கச் சொல்வார்கள். வாங்கினேன்.

ஒரு நாள் நானும் கணவரும் விழுப்புரம் பக்கம் ஒரு கல்யாணத்துக்குப் போகப் புறப்பட்டோம். வழியில் ஒரு சின்ன ஊரில் பஸ் மாற வேண்டியிருந்தது. ரோட்டோரம் ஒரு சைக்கிள் கடை. உயரமான ஒருவர் குனிந்து பஞ்சர் ஒட்டிக்கொண்டிருந்தார். தலை பாதி நரைத்திருந்தது. ஒரு பையன் காற்றடிக்கச் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு வந்தான். "கொஞ்சம் இருங்க தம்பி, இத முடிச்சிட்டு வரேன்" என்றார். குரலைக் கேட்டதும் எனக்குத் தெரிந்துவிட்டது. கணவரை நிற்கச் சொல்லிவிட்டுக் கிட்டே போனேன்.

"நீங்க காஞ்சிபுரத்துல கண்டக்டரா இருந்தீங்கல்ல?"

அவர் நிமிர்ந்தார். என்னைப் பார்த்தார். என் பின்னால் நின்றிருந்த என் கணவரைப் பார்த்தார். கடைக்குள்ளே ஒரு பெண், கையிலிருந்த தட்டை அப்படியே வைத்துவிட்டு எழுந்து கதவைப் பிடித்துக்கொண்டாள். அவள் கண்ணில் இருந்த பயத்தை நான் மறக்கவில்லை.

"இல்லம்மா" என்றார். "நான் காஞ்சிபுரமே பாத்ததில்ல. நீங்க வேற யாரையோ நெனச்சிக்கினு கேக்கறீங்க."

"இல்ல, நீங்க..."

"இல்லம்மா."

கையிலிருந்த ரப்பர் துண்டைக் கீழே வைத்தார். மறுபடி எடுத்தார். எனக்கு ஒன்று மட்டும் கேட்க வேண்டும் போலிருந்தது: அந்தக் குழந்தை நல்லபடியாகப் பிறந்ததா என்று. காற்றடிக்க வந்த பையன் எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தான். ரோட்டில் எங்கள் பஸ் வந்து நின்றது. கணவர் கூப்பிட்டார்.

ஏறி உட்கார்ந்த பிறகு கணவர் கேட்டார். "யாரு அந்த ஆளு? தெரிஞ்சவனா?"

"இல்ல" என்றேன். "ஆள் மாறிப்போச்சு."